தண்ணியில எறங்குறதுக்கு முன்னால

நான் கப்பலில் துணி தொவைக்கிறவன். எங்க அம்மா சேரி சேரியாய்ப் போய் அழுக்கெடுத்து வெளுத்துப் போட்டவள். மகன் நாலு எழுத்துப் படித்து என்ன ஆனான் என்றால், கடல்மேல் போய் ஊர் பேர் தெரியாதவன் படுத்த விரிப்பை மெஷினில் போடுகிறான். வித்தியாசம் இல்லாமல் இல்லை. அம்மாவுக்கு ராச்சோறு, எனக்கு டாலரில் சம்பளம். அம்மா வாசலுக்கு வெளியே நின்று குரல் கொடுக்க வேண்டும், எனக்குப் படுக்க ஏசி அறை, அதில் நாலு பேர்.

நாங்கள் புதிரை வண்ணார். தீண்டத்தகாதவர்கள் என்று சொல்லப்பட்டவர்களுக்குத் துணி வெளுக்கிறவர்கள். இதைப் படிக்கிற உங்களில் சிலர் வீட்டுத் தூமத்துணியும் சாவுத்துணியும் எங்க அம்மா மாதிரி ஒருத்தி கைக்கு வந்ததுதான். குறை சொல்லக் கிளம்பவில்லை. தண்ணியைப் பற்றி ஒரு சங்கதி சொல்ல வேண்டியிருக்கிறது, அதைச் சொல்கிறவன் எங்கே நின்று சொல்கிறான் என்று உங்களுக்குத் தெரிய வேண்டும்.

மெக்சிகோவில் யுகாத்தான் என்று ஒரு பக்கம். புரொகிரெசோ துறையில் கப்பல் நின்றது. அங்கே கடல் ஆழமில்லாதது, அதனால் ஆறரை கிலோமீட்டருக்குக் கடலுக்குள்ளேயே பாலம் போட்டுக் கப்பலைத் தூரத்தில் கட்டுகிறார்கள். ஒரு நாள் சுற்றுலாப் பஸ்ஸில் இடம் காலியாக இருந்ததால் வேலைக்காரர்கள் சிலருக்குச் சல்லிசாகக் கிடைத்தது. பழைய மாயா ஊர் ஒன்றைப் பார்ப்பது, பிறகு ஒரு பள்ளக் கிணற்றில் குளிப்பது, ராத்திரிக்குள் திரும்புவது. பயணிகளோடு பயணியாய் உட்கார்ந்தேன். பக்கத்தில் இருந்த கிழவர் என்னைப் பார்த்துச் சிரித்தார். அவர் அறைத் துண்டையும் நான்தான் வெளுத்திருப்பேன், அவருக்கு அது தெரியாது.

வழி முழுக்க ஒரு ஆறுகூட இல்லை. அந்தப் பூமி பூராவும் சுண்ணாம்புப் பாறை. மழை பெய்தால் மேலே ஓடாது, உறிஞ்சிக்கொண்டு கீழே போய்விடும். கீழே குகை குகையாய் நல்ல தண்ணி. எங்கெங்கே பாறைக்கூரை இடிந்து விழுந்ததோ அங்கெல்லாம் வட்டமாய் ஒரு கிணறு. செனோத்தே என்கிறார்கள். மாயாச் சொல்லை ஸ்பானியர் தங்கள் நாக்குக்குத் தோதாய்த் திருப்பிக்கொண்டது. 6.6 கோடி வருஷத்துக்கு முன்னால் விண்கல் விழுந்த பள்ளத்தின் விளிம்பை ஒட்டி இந்தக் கிணறுகள் வில்போல் வளைந்து கிடக்கின்றன. ஆறில்லாத நாட்டில் கிணறு எங்கேயோ அங்கேதான் ஊர். நாங்கள் பார்க்கப்போன சிச்சென் இட்சாவுக்கே ‘இட்சாக்களின் கிணற்று வாய்’ என்றுதான் அர்த்தமாம்.

வழிகாட்டி மாயாப் பையன். இருபத்தைந்து இருக்கும். பாட்டியோடு மாயா பேசி, பள்ளிக்கூடத்தில் ஸ்பானிஷ் பேசி, எங்களோடு இங்கிலீஷ் பேசுகிறவன். பெரிய பிரமிடு முன்னால் நிறுத்தினான். நாலு பக்கமும் பக்கத்துக்குத் தொண்ணூற்றொரு படி, மேல்மேடை ஒன்று, கூட்டினால் 365. கை தட்டச் சொன்னான். தட்டினால் படிகளில் மோதி ஒரு பறவை கத்துகிற மாதிரி திரும்பி வருகிறது. எல்லாரும் தட்டினார்கள், நானும் தட்டினேன். மேலே ஏற 2006இலிருந்து யாரையும் விடுவதில்லை. உசந்த படியைப் பார்த்தால் ஏறக்கூடாது என்று சொல்லப்போகிறார்கள் என்று முன்கூட்டியே நெஞ்சு தயாராகிற ஆளுக்கு, யாருமே ஏறக்கூடாது என்பது ஒரு மாதிரி சமாதானமாகத்தான் இருந்தது. அற்பத்தனம்தான், ஒப்புக்கொள்கிறேன்.

“இதையெல்லாம் கட்டினது எங்க முன்னோர்கள்” என்றான் பையன். குரலில் பெருமை. சரியான பெருமைதான். இந்தக் காட்டுமிராண்டிகளா கட்டியிருப்பார்கள் என்று ரொம்ப காலம் வெள்ளைக்காரர்கள் சந்தேகப்பட்டிருக்கிறார்கள். எகிப்தியர் என்றார்கள், இஸ்ரவேலின் காணாமல்போன கோத்திரம் என்றார்கள். கல்லுக்குப் பக்கத்திலேயே சோளம் விதைத்துக்கொண்டிருந்தவனை மட்டும் சொல்லவில்லை. அவனிடம் புத்தகம் இருந்தது. தியேகோ தே லாந்தா என்கிற பாதிரி 1562இல் மானி என்ற ஊரில் குவித்துவைத்துக் கொளுத்தினார். எரியாமல் தப்பியதென்று இன்றைக்கு உலகத்தில் எண்ணப்படுவது நாலு ஏடு. அதே லாந்தாதான் பின்னால் மாயாக்களைப் பற்றி எழுதிவைத்தார். இன்றைக்குப் படிக்கிறவர்களுக்கு அதை விட்டால் வழியில்லை. எரித்தவன் எழுதினதை வைத்துத்தான் எரிக்கப்பட்டவன் தன்னைத் தெரிந்துகொள்ள வேண்டும். நமக்கு இது புதிதா?

இருந்தாலும் எனக்கு ஒரு முள். மற்றவர்கள் போட்டோ எடுக்கப் போன நேரத்தில் பையனைக் கேட்டேன். “தம்பி, உங்க முன்னோர்னா எந்த முன்னோர்? மேல உக்காந்திருந்தவரா, கல்லு தூக்கினவரா?” வண்டி கிடையாது, மாடு கிடையாது, குதிரையை அவர்கள் பார்த்ததே ஸ்பானியர் வந்த பிறகு. அத்தனை கல்லும் மனுஷன் மேல்தான் வந்தது. நெற்றியில் பட்டை மாட்டி முதுகில் சுமையைத் தொங்கவிட்டு நடப்பார்கள். பூச்சுக்கு வேண்டிய சுண்ணாம்பு காட்டை வெட்டி எரித்துச் சுட்டது. பிரபுக்கள், குடியானவர்கள், அடிமைகள் என்று அங்கேயும் தட்டுத்தட்டாய் இருந்திருக்கிறது.

பையன் கோவிக்கவில்லை. “எங்க தாத்தா கற்றாழைத் தோட்டத்துல இலை வெட்டினவரு. அவரோட தாத்தா அதே தோட்டத்துல கடனுக்கு அடிமை. ராஜா யாரும் எங்க வீட்ல இல்ல. ஆனா அந்தக் கல்லை வெச்ச கை எங்க கைதான்.”

நல்ல பதில். கப்பல்களுக்குக் கயிறு திரித்த நார் அந்தக் கற்றாழையிலிருந்து வந்தது. அதை வெட்டியே மெரிதா நகரத்தில் மாளிகை மாளிகையாய்க் கட்டிக்கொண்டார்கள். ஆனால் பதில் எனக்கு முழுசாய் நிறையவில்லை. வைத்த கையை நம் கை என்று எடுத்துக்கொண்டால், அந்தக் கை என்ன விலைக்கு வைத்தது என்பதையும் எடுத்துக்கொள்ள வேண்டுமே. நம்மவர்களும் பேசுகிறோம், ஒரு காலத்தில் இந்த நிலம் எங்களுடையது, நாங்கள் ஆண்டவர்கள் என்று. ஆண்டவன் யாரையோ ஆண்டிருப்பான் அல்லவா? அந்த யாரோ எங்கே போனான்? அவனுக்குத் துணி வெளுத்தவள் எங்கே போனாள்? ஆண்ட பரம்பரைக் கதை கேட்கும்போதெல்லாம் என் கண் கதையின் ஓரத்தில் மூட்டையோடு நிற்கிறவளைத் தேடுகிறது. அவள் இல்லாத பெருமை எனக்கு எதற்கு என்று தோன்றுகிறது. அதே சமயம், எல்லாம் பறிபோனவனிடம் போய் உன் பெருமையிலும் ஓட்டை இருக்கிறது என்று சொல்ல நான் யார் என்றும் தோன்றுகிறது. இரண்டும் உண்மை. இரண்டையும் தூக்கிக்கொண்டுதான் நடந்தேன்.

நடக்கிற வழி இரண்டு பக்கமும் கடை. மரமுகமூடி, புலி உறுமுகிற ஊதல், பூத்தையல் துணி. விற்கிறவர்கள் சுற்றுவட்டாரத்து மாயாக்கள். அவர்கள் உள்ளே விற்பது சட்டப்படி தப்பாம், அவ்வப்போது தகராறு வருமாம். கேட்டுக்கொள்ளுங்கள்: இந்தப் பெரிய இடிபாடுகள் நின்ற நிலம் 2010வரை தனியார் குடும்பம் ஒன்றின் சொத்து. அந்த வருஷம்தான் மாநில அரசு 22 கோடி பெசோ கொடுத்து வாங்கியது. அதற்கு முன்னால் எட்வர்ட் தாம்சன் என்ற அமெரிக்கத் தூதரக அதிகாரி பண்ணையோடு சேர்த்து இடிபாட்டையும் வாங்கி, 1904இலிருந்து வாளி இறக்கிப் புனிதக் கிணற்றை அள்ளினார். தங்கம், பச்சைக்கல், எலும்பு என்று கிடைத்ததை ஹார்வர்டு அருங்காட்சியகத்துக்கு அனுப்பினார். கொஞ்சம்தான் திரும்பி வந்தது. அதெல்லாம் சட்டம். பாட்டி ஊதல் விற்பது தப்பு.

ஒரு பாட்டி தரையில் உட்கார்ந்து வெள்ளைத்துணியில் சிவப்புப் பூ தைத்துக்கொண்டிருந்தாள். வெளுப்பு நல்ல வெளுப்பு, தொழில்காரன் கண் சொன்னது. போனை எடுத்துப் படம் பிடித்தேன். அவள் நிமிர்ந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். ஒரு வார்த்தை பேசவில்லை.

எனக்குச் சுருக்கென்றது. நான் சின்னப் பையனாய் இருந்தபோது ஆராய்ச்சி பண்ண வந்தவர்கள் எங்க அம்மாவை மூட்டையோடு நிற்கவைத்து இப்படித்தான் படம் எடுத்தார்கள். அம்மாவும் இப்படித்தான் திரும்பினாள். அந்தப் படம் எந்தப் புத்தகத்தில் இருக்கிறதோ. அன்றைக்கு அவர்கள் மேல் வந்த கோபத்தை முப்பது வருஷமாய் வைத்திருக்கிறேன். ஒரு பஸ் டிக்கெட் கைக்கு வந்ததும் நானே அவர்கள் ஆகிவிட்டேன். படத்தை அழித்தேன். அழித்ததை அவளுக்குக் காட்டலாமா என்று நின்று, பாஷை தெரியாமல், ஒரு துணி வாங்கிக்கொண்டு வந்தேன். விலை பேசவில்லை. காசு கொடுத்தால் கழுவிவிடலாம் என்பதும் ஒரு வகைத் தீட்டுக் கழிப்புதானே என்று பஸ்ஸில் உட்கார்ந்த பிறகு உறைத்தது.

புனிதக் கிணறு அங்கேயே நடைதூரத்தில். ஏறக்குறைய அறுபது மீட்டர் அகலம், பச்சைத் தண்ணி, யாரும் இறங்கக்கூடாது. கன்னிப்பெண்களைத் தள்ளிப் பலி கொடுத்ததாய்த் தாம்சன் காலத்திலிருந்து கதை. எலும்புகளைப் பார்த்தவர்கள் ஆண், பெண், முக்கியமாய்க் குழந்தைகள் என்றார்கள். பக்கத்தில் ஒரு நிலத்தடித் தொட்டியில் 1967இல் கிடைத்த எலும்புகளில் 64 பேருடையதைச் சோதித்து 2024இல் வெளியிட்டார்கள். அத்தனை பேரும் ஆண் பிள்ளைகள், அதில் இரண்டு ஜோடி இரட்டையர். இன்றைக்கு அக்கம்பக்கத்து ஊரில் வாழ்கிற மாயாக்களின் ரத்தமும் அந்தப் பிள்ளைகளின் ரத்தமும் ஒரே வழி என்றும் அந்தச் சோதனை சொல்கிறது. பையன் இதை மறைக்காமல் சொன்னான். “அவங்களும் எங்களோடவங்கதான்” என்றான். கல் வைத்த கையைப் பற்றிச் சொன்னபோது இருந்த குரல் இல்லை. என் முள்ளுக்கு நான் கேட்காமலே அவன் கொடுத்த பதில் அது என்று இப்போது நினைக்கிறேன்.

குளிக்கிற கிணறு வேறு, பக்கத்து ஊரில். வாசலில் ஒரு மாயாக்காரர் உட்கார்ந்திருந்தார். கையை நீட்டி ஒரு குழாயைக் காட்டினார். முதலில் அங்கே குளித்துவிட்டுத்தான் கீழே இறங்க வேண்டும்.

கால் நின்றுவிட்டது. ஐம்பது வயசை நெருங்குகிற ஆள், பதினைந்து நாடு பார்த்தவன், அப்படியே நின்றேன். எங்க ஊரில் ஊர்க்கிணறு வேறு, சேரிக்கிணறு வேறு. சேரிக்கிணற்றிலும் எங்க அம்மா வாளி போடக்கூடாது, யாராவது இரக்கப்பட்டு ஊற்ற வேண்டும். அழுக்கை எடுக்கிறவள் மேல் தண்ணி படுவதற்குத் தண்ணியே அசிங்கப்பட்ட ஊர். சுத்தம் பண்ணிக்கொண்டு வா என்று ஒருவன் கை நீட்டினால் எனக்கு வேறு எப்படிக் கேட்கும்?

பின்னால் பஸ்ஸில் வந்த கிழவர். அவரையும் குழாய்க்கு அனுப்பினார். அப்புறம் ஒரு வெள்ளைக்காரக் குடும்பம், அவர்களையும். அவர்கள் மேலெல்லாம் வெயிலுக்குப் பூசின களிம்பு. அது தண்ணியில் கலந்தால் உள்ளே இருக்கிற மீன் கெடும், கீழே எல்லாக் கிணறும் ஒன்றோடொன்று கலந்தது, ஊர் குடிக்கிற தண்ணியும் அதுதான் என்று பையன் விளக்கினான்.

குழாயடியில் நின்று யோசித்தேன். அழுக்கு என்பது கழுவினால் போவது. யார் மேல் பட்டாலும் பட்டது, யார் கழுவினாலும் போகும். தொழில்காரனுக்கு இது தெரியும், எண்ணெய்க்கு ஒரு காரம், ரத்தத்துக்குப் பச்சைத்தண்ணி. தீட்டு அப்படியல்ல. அது கழுவினாலும் போகாது, ஏனென்றால் அது துணியில் இல்லை, மேலில் இல்லை. கழுவுகிறவள் பிறப்பில் ஒட்டவைத்தது. அம்மா வெளுத்துக் கொடுத்த துணி சுத்தம், அம்மா சுத்தமில்லை. வெள்ளைக்காரனை ஒரு மாயாக்காரர் கழுவச் சொல்லி, அவன் மறுபேச்சில்லாமல் கழுவுகிற இடத்தில் நின்றுகொண்டுதான் இந்த வித்தியாசம் எனக்கு மண்டைக்கு மட்டுமில்லாமல் மேலுக்கே புரிந்தது.

அதற்காக அந்த நாடு சொர்க்கம் என்று எழுதமாட்டேன். போர்ச்சுகீசியனும் ஸ்பானியனும் ஒரே சொல்லைத்தான் கொண்டுபோனார்கள், காஸ்தா. இங்கே வந்து சாதிக்கு அந்தப் பெயரை ஒட்டினார்கள், அங்கே ரத்தக் கலப்பை வைத்து மனிதனைத் தரம்பிரிக்க அதையே வைத்துக்கொண்டார்கள். 1847இல் மாயாக்கள் எழுந்து 1901வரை சண்டைபோட்டதற்கு மேலே இருந்தவர்கள் இட்ட பெயர் காஸ்தாப் போர். அந்தப் போரில் மாயாக்களின் பேசும் சிலுவை எழுந்த இடமும் ஒரு செனோத்தேக் கரைதான். 2021இல் மெக்சிகோ ஜனாதிபதி அந்த ஊருக்கே போய் மன்னிப்புக் கேட்டார். மன்னிப்புக்குப் பிறகு அவருடைய அரசாங்கமே ரயில் விட அந்தக் குகைகளின் மேல் தூண் இறக்கியது.

இறங்கினேன். வழுக்குப் படி, மேலிருந்து தண்ணிவரை தொங்குகிற மரவேர், வட்டமாய் விழுகிற வெயில், கருப்பாய்ச் சின்ன மீன். கிழவர் மூச்சுவாங்கிக்கொண்டு என் பக்கத்தில் மிதந்தார். எதையும் நினைக்காமல் கொஞ்ச நேரம் கிடந்தேன். அந்தக் கொஞ்ச நேரத்தை எந்த வாதத்துக்கும் கொடுக்க மனசில்லை.

மறுநாள் அம்மாவுக்குப் போன் போட்டேன். காது மந்தம், கத்தித்தான் பேச வேண்டும்.

“குளிக்க விட்டாங்களாடா?”

“விட்டாங்கம்மா. எல்லாரும் ஒரே தண்ணிலதான்.”

“காசு வாங்குனாங்களா?”

“ஆமாம்மா.”

கொஞ்ச நேரம் சத்தமில்லை. அப்புறம் கேட்டாள், “நீங்கல்லாம் குளிச்சிட்டுப் போனீங்க சரி. அந்தப் பூத்தையல் போடுற கெழவி தொவைக்கத் தண்ணிக்கு எங்கடா போறா?”

நான் அதைப் பார்க்கவில்லை. கேட்கவும் தோன்றவில்லை.