உடம்பை வெளியே விட்டுவிட்டு

போன மார்கழியில் கடலூரிலிருந்து சிதம்பரத்துக்கு ஒரு நண்பனோடு பஸ்ஸில் போனேன். ஆலப்பாக்கம், புதுச்சத்திரம் எல்லாம் கழிந்து பி.முட்லூர் வரும்வரை போனையே பார்த்துக்கொண்டிருந்தவன் திடீரென்று நிமிர்ந்து, “டேய், 1935லயே நந்தனார் படம் வந்திருக்குடா. நந்தனா நடிச்சது ஒரு பொம்பளையாம்” என்றான். கே.பி. சுந்தராம்பாள் என்றேன். “யாரு, அந்த அவ்வையார் பாட்டியா?”

ஆமாம், அந்தப் பாட்டிதான். ஆனால் அந்தப் படம் வந்தபோது அவருக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. நம் யாருக்கும் சுந்தராம்பாளை இளம்பெண்ணாக யோசிக்கவே வராது. நெற்றி நிறையத் திருநீறு, வெள்ளைப் புடவை, கையில் கோல், அந்தக் கணீர்க் குரல். பிறக்கும்போதே கிழவியாகப் பிறந்தவர் மாதிரி ஒரு பிம்பம். இந்தப் பிம்பத்தை யார் செய்தது, அவரா, நாமா என்ற கேள்வி அன்றைக்கு என்னைப் பிடித்துக்கொண்டது. இன்னும் விடவில்லை.

தெரிந்த கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கொடுமுடியில் 1908இல் பிறந்தவர். அப்பா இல்லாத வறுமை. ரயிலில் பாடிக் காசு கேட்ட குழந்தை, அந்தக் குரலாலேயே நாடகக் கம்பெனிக்குள் வந்து சேர்ந்தது. இலங்கைவரை போய் நடித்தவருக்கு அங்கே அறிமுகமானவர்தான் செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பா. இரண்டு பேரும் சேர்ந்து மேடையேறினால் ஊர் திரண்டு வந்தது. 1927இல் திருமணம். கிட்டப்பாவுக்கு ஏற்கெனவே மனைவி உண்டு. அவர் பிராமணர், இவர் இல்லை. நாடகக்காரியைக் கட்டிக்கொண்டதை ஊர் எப்படிப் பேசியிருக்கும் என்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. சில வருடங்களிலேயே உறவில் விரிசல். 1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்தார், இருபத்தேழு வயதில். சுந்தராம்பாளுக்கு இருபத்தைந்து.

அதற்குப் பிறகு வெள்ளைப் புடவை. இனி எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்ற முடிவு. ஹசன்தாஸ் என்ற தயாரிப்பாளர் நந்தனார் படத்துக்காக வந்து கேட்டபோது, ஆளைத் துரத்தினால் போதும் என்று ஒரு லட்ச ரூபாய் கேட்டாராம். அந்தக் காலத்தில் யாரும் கனவுகூடக் காணாத தொகை. அவர் சரி என்றுவிட்டார். இப்படி ஒரு கதை சொல்வார்கள். துரத்துவதற்காகக் கேட்டாரோ, தன் மதிப்பு தெரிந்தே கேட்டாரோ, ஒரு லட்சம் வாங்கினார் என்பது நிஜம். படப்பிடிப்பு கல்கத்தாவில். இயக்கியவர் மாணிக்லால் டாண்டன். நந்தனின் ஆண்டையான வேதியராக நடித்தவர் மகாராஜபுரம் விஸ்வநாதய்யர், பெரிய சங்கீத வித்வான்.

பெண் ஆண் வேஷம் போடுவது அன்றைக்குப் புதுசு இல்லை. நம் நாடகத்தில் ஆண்கள் ஸ்திரீபார்ட் போட்டார்கள், பெண்கள் ராஜபார்ட் போட்டார்கள். 1899இலேயே பாரிஸில் சாரா பெர்ன்ஹார்ட் ஹாம்லெட்டாக நடித்துவிட்டார். ஆனால் ஹாம்லெட் இளவரசன். நந்தன் கோவிலுக்குள் விடப்படாதவன். இளவரசன் வேஷம் போடுவதும் நந்தன் வேஷம் போடுவதும் ஒன்றாகிவிடுமா?

இங்கே நந்தனின் கதைக்குள் போக வேண்டியிருக்கிறது. சிதம்பரத்துக்காரர்களுக்கு அது வெறும் கதை இல்லை. ஆதனூர் இதே கடலூர் மாவட்டத்தில் காட்டுமன்னார்கோவில் பக்கம். நந்தன் பெயரில் சுவாமி சகஜானந்தர் 1916இல் தொடங்கிய கல்விக்கழகம் இதே ஊரில். சுந்தரர் பெயரை மட்டும் சொல்லிவிட்டுப் போன ஆளுக்கு வாழ்க்கை எழுதியவர் சேக்கிழார். அவர் தரும் ஒரு தகவல் எனக்கு எப்போதும் தூக்கிவாரிப் போடும். கோவில் பேரிகைகளுக்குத் தோலும் வாரும், வீணைக்கும் யாழுக்கும் நரம்பு, பூசைக்குக் கோரோசனை — இதையெல்லாம் கொடுத்தது நந்தன்தான். யோசித்துப் பாருங்கள். அவன் உரித்துப் பதப்படுத்திய தோல் உள்ளே அதிர்கிறது. அவன் கொடுத்த நரம்பு சாமிக்கு முன்னால் மீட்டப்படுகிறது. அவன் மட்டும் வெளியே நிற்கிறான். சத்தத்துக்குத் தீட்டு இல்லை, அதைச் செய்த கைக்குத்தான் தீட்டு.

கடைசியில் அவன் உள்ளே போகிறான், நெருப்பு வழியாக. தெற்கு மதில் வாசலுக்கு முன்னால் தீ மூட்டுகிறார்கள். அதில் இறங்குகிறவன் பூணூல் போட்ட முனிவனாக எழுந்து வருகிறான். அப்புறம்தான் அனுமதி. சாமியே கனவில் வந்து சொன்னார் என்பதால் அதைக் கருணை என்கிறோம். அது கொலை என்று சொல்லும் மறுவாசிப்புகள் நிறைய வந்துவிட்டன. நான் அந்தப் பஞ்சாயத்துக்குள் இப்போது போகவில்லை. கருணை என்றே வைத்துக்கொண்டாலும், உள்ளே போனது நந்தனா? ஆதனூர்ப் புலைப்பாடியில் பிறந்து, தோல் வாசம் அடிக்கும் கைகளோடு தெற்கு வீதியில் சுற்றிச் சுற்றி வந்தவன் உள்ளே போகவில்லை. அந்த உடம்பை வாசலில் கழற்றிப் போடச் சொல்லி, மிச்சத்தை உள்ளே விட்டார்கள்.

சேக்கிழாரிடம் இல்லாத வேதியர் ஆண்டையைக் கதைக்குள் கொண்டுவந்தவர் பத்தொன்பதாம் நூற்றாண்டின் கோபாலகிருஷ்ண பாரதி. சுந்தராம்பாள் படத்துக்கும் அடிப்படை அந்தக் கீர்த்தனைதான். தில்லைக்குப் போக உத்தரவு கேட்கும் நந்தனிடம் வேதியர், நாற்பது வேலி நிலத்தையும் விளைவித்து முடித்துவிட்டுப் போ என்கிறார். முடியாது என்று தெரிந்தே சொல்லும் நிபந்தனை. ஒரே ராத்திரியில் பயிர் விளைந்து நிற்கிறது.

நாற்பது வேலி, ஒரு லட்சம். பஸ்ஸில் நண்பனிடம் பேசிக்கொண்டு வரும்போதுதான் இந்த இரண்டும் எனக்குள் ஒட்டிக்கொண்டன. இரண்டுமே எதிராளி திரும்பிப் போகட்டும் என்று வைத்த நிபந்தனைகள், இரண்டுமே நிறைவேறிவிட்டன. ஆனால் ஒன்றை வைத்தவன் ஆண்டை. மற்றதை வைத்தது ஒரு காலத்தில் ரயிலில் கையேந்திய பெண். நந்தனாக நடித்த பெண் நந்தனால் கனவிலும் செய்ய முடியாததைச் செய்திருக்கிறார்: வாசலில் நின்றுகொண்டு விலை சொல்லியிருக்கிறார். எனக்குச் சுந்தராம்பாள் மேல் மரியாதை வருவது முதலில் இந்த இடத்தில்தான், பக்திப் பாட்டில் இல்லை.

சரி, அப்படியானால் அவர் ஜெயித்தவர்தானே, என்ன பிரச்சினை என்று நண்பன் கேட்டான். பிரச்சினை அதற்குப் பிறகு வந்த வேஷங்களில் இருக்கிறது. நந்தனார்: ஆண், அதிலும் பக்தன். 1940இல் மணிமேகலை: இளவரசன் துரத்தத் துரத்தத் துறவுக்குப் போகிறவள். காப்பியத்தில் அவள் அவனிடமிருந்து தப்பிக்கக் காயசண்டிகை என்ற வேறொரு பெண்ணின் உருவத்தையே எடுத்துக்கொள்ள வேண்டியிருக்கிறது. 1953இல் வாசனின் அவ்வையார். 1964இல் பூம்புகாரில் கவுந்தியடிகள், சமணத் துறவி. 1965இல் திருவிளையாடலில் மறுபடி அவ்வை. ஒன்றில்கூட இருபத்தைந்து வயதில் புருஷனைப் பறிகொடுத்த ஒரு பெண் இல்லை. ஆசை உள்ள, கோபம் உள்ள, இன்னொரு கல்யாணம் வேண்டும் என்றோ வேண்டாம் என்றோ வாய்விட்டுச் சொல்கிற ஒரு பெண் இல்லை. தமிழ் சினிமா அவரைக் கையெடுத்துக் கும்பிட்டு உள்ளே கூப்பிட்டது. உடம்பை மட்டும் வெளியே விட்டுவிட்டு வரச் சொன்னது.

உடனே ஒரு மறுப்பு வரும், நானே எனக்குச் சொல்லிக்கொண்ட மறுப்பு. ஜோடியாக நடிக்க மாட்டேன் என்றது அவர் எடுத்த முடிவு. எவனும் கட்டாயப்படுத்தவில்லை. கிட்டப்பா மேல் இருந்த காதலை அவர் அப்படி வாழ்ந்தார். இதைப் போய் ‘சமூகம் செய்த சதி’ என்று சொல்வது, அவருக்குச் சொந்தப் புத்தி கிடையாது என்று சொல்வதாகாதா? ஆகும். அதனால் அப்படிச் சொல்ல மாட்டேன். ஆனால் ஒருவர் தானாக எடுத்த முடிவை ஊர் எப்படி வாங்கிக்கொள்கிறது என்பது தனி விஷயம். அவர் வண்ணப் புடவையோடு இன்னொரு நடிகருக்கு ஜோடியாக வந்திருந்தால் இதே ஊர் அவர் காலில் விழுந்திருக்குமா? காங்கிரஸ் மேடைகளில் பாட அழைத்திருப்பார்களா? 1950களில் சட்டமேலவை உறுப்பினர் ஆகியிருப்பாரா? ஒரு கதவை மட்டும் திறந்து வைத்துவிட்டு, அவராகத்தான் அந்த வழியே வந்தார் என்று சொல்வது முழு உண்மை ஆகாது.

இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். சுந்தராம்பாளையும் நந்தனையும் ஒரே தட்டில் வைக்கக் கூடாது. அந்தப் படம் வந்த 1935இல் சுந்தராம்பாள் எந்தச் சிவன் கோவிலுக்கும் போய்க் கும்பிட்டிருக்கலாம். நந்தனின் சாதியில் பிறந்தவர்கள் பெரிய கோவில்களுக்குள் போக முடியாது. மதுரை மீனாட்சியம்மன் கோவிலில் அவர்கள் நுழைந்ததே 1939 ஜூலையில்தான். ஆக, திரையில் நந்தன் அழுவதைப் பார்த்துக் கொட்டகையில் அழுதவர்களுக்கு, நிஜ நந்தனை உள்ளே விட வேண்டிய கட்டாயம் வரவில்லை. கண்ணீரோடு விஷயம் முடிந்துவிட்டது. அடுத்தவன் வலியை அற்புதமாக நடித்துக் காட்டும் கலைஞர், அந்த வலிக்கு ஒரு வடிகால் தந்து அது அப்படியே தொடர உதவுகிறாரா? பதில் என்னிடம் இல்லை. ஆனால் அவருடைய குரல் இல்லாமல் எத்தனை பேர் நந்தனைப் பற்றி ஒரு நிமிடமாவது யோசித்திருப்பார்கள் என்பதும் கேள்விதான்.

இதெல்லாம் எனக்கு ஏன் இவ்வளவு முக்கியம் என்றால், எங்கள் ஆயாவால்.

ஆயா அவ்வையார் படத்தைச் சின்ன வயதில் டூரிங் கொட்டகையில் மணலில் உட்கார்ந்து பார்த்தது. படத்தில், கல்யாணம் வேண்டாம் என்று ஓர் இளம்பெண் பிள்ளையாரிடம் வேண்டிக் கிழவி ஆகிவிடுவாள். ஆயாவுக்கு அந்தக் காட்சி ரொம்பப் பிடிக்கும். திருவிளையாடல் வந்த வருஷம் தாத்தா செத்துப்போனார். ஆயாவுக்கு அப்போது இருபத்தேழோ இருபத்தெட்டோ. பூ, பொட்டு, கலர்ப் புடவை எல்லாம் ஒரே நாளில் போயிற்று. நான் பார்க்கும்போதெல்லாம் திருநீறும் வெளுத்த புடவையும்தான். தெருவில் எல்லோரும் “சாமி மாதிரி” என்பார்கள். சுந்தராம்பாள் பாட்டு ரேடியோவில் வந்தால் வேலையை விட்டுவிட்டு வந்து உட்காரும். ஒரு தடவை நான், “நீயும் அந்தம்மா மாதிரியே இருக்க ஆயா” என்றேன். பெருமையாகத்தான் சொன்னேன்.

“அவ்வைக்குப் புள்ளையாரு குடுத்தாருடா கெழத்தனத்த, அவ கேட்டா, குடுத்தாரு. எனக்கு ஊரு குடுத்துச்சு, கேக்காமயே” என்றது. கொஞ்ச நேரம் கழித்து, “அந்தம்மாவுக்குப் பாட்டு இருந்துச்சு. பாட்டு எங்க வேணாலும் போவும். நான் எங்கடா போவேன்?” என்றது. அப்புறம் முறத்தை எடுத்துக்கொண்டு போய்விட்டது.

இன்றைக்கு யோசித்தால் ஆயா சொன்னதில் எல்லாம் இருந்தது. நந்தனின் தோல் உள்ளே போயிற்று. சுந்தராம்பாளின் குரல் இசைத்தட்டாக, நாடகக்காரியைத் திண்ணையில்கூட உட்காரவிடாத வீடுகளின் கூடத்துக்குப் போயிற்று. ‘துணைவன்’ பாட்டுக்குத் தேசிய விருது வந்தது, அதுவும் குரலுக்குத்தான். அனுப்புவதற்கு ஆயாவிடம் அப்படி ஒன்றும் இல்லை. உடம்பு மட்டும்தான் இருந்தது. அதைத்தான் யாருக்கும் வேண்டியிருக்கவில்லை.

என் அக்கா கல்யாணம் கடலூரில் ஒரு மண்டபத்தில் நடந்தது. நான் அப்போது காலேஜ் படித்துக்கொண்டிருந்தேன், பெரியார் எல்லாம் படித்து வீட்டில் சண்டை போடும் வயது. முகூர்த்த நேரத்துக்கு ஆயா முன்வரிசையில் வந்து உட்கார்ந்துவிட்டது. மாப்பிள்ளை வீட்டுப் பெரியம்மா ஒருத்தர் அம்மாவைப் பார்த்தார். அம்மா என்னைப் பார்த்தார். யாரும் ஒரு வார்த்தை பேசவில்லை. நான் தெரிந்தே எழுந்து போனேன்.

“ஆயா, இங்க ஒரே பொகையா இருக்கு, கண்ணு எரியும். அந்தப் பக்கம் ஃபேனுக்குக் கீழ போயி உக்காந்துக்க.”

ஆயா என் முகத்தைப் பார்த்தது. ஒன்றும் கேட்கவில்லை. ஹோமத் தீ அப்போதுதான் பிடித்துக்கொண்டிருந்தது, புகைகூட அதிகம் இல்லை. புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு எழுந்து, கடைசி வரிசைக்கு நடந்து போய் உட்கார்ந்தது. மேலே ஃபேன் ஓடவில்லை. நாதஸ்வரம் முழங்க அக்கா கழுத்தில் தாலி ஏறியபோது திரும்பிப் பார்த்தேன். அங்கிருந்தே இரண்டு கையையும் தூக்கி அட்சதை போட்டது. இரண்டு வரிசை தள்ளித் தரையில் விழுந்தது அது.