உரித்தும் ஆட்சியும்: காணிப் பிணக்கிற் பொலிசாரின் கடன்

கண்டியைச் சூழ்ந்த மலைச்சரிவுகளிற் சமதரை அரிது. ஆதலால் அங்கு ஓரடி நிலமும் பெரிது. கடுகண்ணாவையிலோ ஹந்தானை அடிவாரத்திலோ பாட்டனார் விட்டுச்சென்ற அரை ஏக்கர் காணியைப் பிரிக்காமலே பங்காளிகள் பலர் அனுபவித்து வருவதுண்டு. ஒருநாட் காலை ஒருவர் எல்லைவேலியை நான்கடி தள்ளி நடுகின்றார். மற்றவர் கத்தியுடன் வெளியே வருகின்றார். முறைப்பாடு பொலிஸ் நிலையத்தை அடைகின்றது. இருவரும் தத்தம் உறுதிகளை மேசைமீது விரிக்கின்றனர். பொறுப்பதிகாரி எதனை நோக்க வேண்டும்?

உறுதியை அன்று என்பதே சட்டம் தரும் விடை. 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவு, சமாதானம் குலையக்கூடுமெனக் காணுமிடத்துத் தாமதமின்றி நீதிமன்றுக்கு அறிவிக்கும் கடமையையே பொலிசாருக்கு விதிக்கின்றது. நீதிமன்றமும் காணி எவருடையதென வினவுவதில்லை. அறிவித்த நாளில் ஆட்சியிலிருந்தவர் யார், அதற்கு முந்திய இரு மாதங்களுள் எவரேனும் வலிந்து வெளியேற்றப்பட்டனரா என்பவற்றையே ஆராய்கின்றது. உரித்தை மாவட்ட நீதிமன்றம் பின்னர்த் தீர்க்கலாம். இந்நியாயாதிக்கத்தின் முதல் நோக்கம் சமாதானக் குலைவைத் தடுப்பதே என 1982இல் நீதியரசர் சர்வானந்தா தெளிவுபடுத்தினார்.

உரிமையற்றவனையும் காக்கும் இவ்வேற்பாடு அறமாகுமா? உரோமரின் காலந்தொட்டு நிலவும் ஐயம் இது. ஆட்சியைக் குலைப்பது ஆளின்மீது செய்யும் வன்முறையாதலின் அது தடுக்கப்படுகின்றது என்றார் ஜேர்மனிய அறிஞர் சவின்யி. உரித்தாளன் ஒவ்வொரு முறையும் தன் உரித்தை நிறுவிக்கொண்டிருக்க இயலாதாகையால், ஆட்சியைக் காப்பது உரித்துக்கே அரணாகும் என்றார் யேரிங். இரண்டாவது வாதம் ஆறுதல் தருவது. எனினும் கண்டிக் காணிகளுக்கு முதலாவதே பொருந்தும். அரணென்று கட்டப்பட்டது பல வேளைகளில் ஆக்கிரமித்தவனின் அரணாகிவிடுகின்றதன்றோ?

மத்திய கிழக்கிற் பணிப்பெண்ணாக உழைத்து ஈராண்டின்பின் திரும்பும் ஒருத்தியை எண்ணிப் பார்க்கலாம். அவளது பங்கைத் தமையன் வளைத்து வேலியிட்டு ஆறு மாதமாகிவிட்டது. 66ஆம் பிரிவின் கீழ் அவளுக்குப் பரிகாரமில்லை. இரு மாத எல்லை அவள் அறியாமலே கடந்துபோயிற்று. அவள் வேலியைப் பிடுங்கினால் பொலிசார் அவளையே தடுப்பர், தடுக்கவும் வேண்டும். எஞ்சியது ஆண்டுக்கணக்கில் நீளும் குடியியல் வழக்கு ஒன்றே. இங்கு பொலிசார் பிழை செய்யவில்லை. ஆயினும் அவளுக்கு நீதி கிட்டவில்லை.

இத்தகைய அவலத்தைக் கண்டு இரங்கும் அதிகாரி தாமே நியாயம் தீர்க்க முற்படுவதும் உண்டு. இருவரையும் அழைத்து, வேலியை எங்கே நடுவதெனக் கூறி, பதிவேட்டில் ஒப்பமிடச் செய்து அனுப்பிவிடுகின்றார். ஊரார் இதனை விரும்புவர், செலவில்லை, அலைச்சலில்லை. ஆனால் இன்று இரக்கத்தால் நகரும் வேலி நாளை செல்வாக்கினாலும் நகரும். சீருடையின்முன் இடப்படும் ஒப்பம் விரும்பி இட்டதா, அஞ்சி இட்டதா என்று எவர் அறிவார்?

பெருந்தோட்டங்களை நோக்குமிடத்து வினா மேலும் கூர்மையாகின்றது. அதே 1979இல் இயற்றப்பட்ட 7ஆம் இலக்க அரச காணி ஆட்சி மீட்புச் சட்டத்தின் கீழ், வெளியேற்றப்படவிருப்பவர் செல்லுபடியாகும் எழுத்து மூல அதிகாரத்தைக் காட்டினாலன்றி நிலைக்க முடியாது. எத்தனை ஆண்டு வாழ்ந்தார் என்பது அங்கு விடையாகாது. அயலவர் இருவரின் பிணக்கில் ஆட்சியை மட்டும் பார்த்துப் பத்திரத்தை ஒதுக்கும் சட்டம், அரசு எதிர்நிற்குமிடத்துப் பத்திரத்தை மட்டும் பார்த்து ஆட்சியை ஒதுக்குகின்றது. தலைமுறைகளாக லயன் அறைகளில் வாழ்ந்தும் உறுதி என்னும் தாளைக் காணாத தொழிலாளருக்கு இவ்வேறுபாடு வெறும் நுணுக்கமன்று. 2023 ஆகஸ்டில் மாத்தளை இரத்வத்தைத் தோட்டத்தில் தொழிலாளர் குடும்பமொன்றின் தற்காலிகக் குடில் உடைக்கப்பட்ட காட்சியை நாடே கண்டது. அத்தகைய வேளையில் முறைப்பாட்டுடன் பொலிஸ் நிலையப் படியேறுபவரை, வேலி தள்ளப்பட்ட அயலவராகக் கொள்வதா, அனுமதியின்றிக் குடியேறியவராகக் கொள்வதா என்பதைப் பதிவேட்டின் முதல் வரியை எழுதும் கையே பெரும்பாலும் தீர்மானித்துவிடுகின்றது.