பின்பெஞ்சில் ஒருவர்

கள்ளக்குறிச்சிப் பக்கம் விடிய விடியக் கூத்துப் பார்த்துவிட்டு வருகிறவர்கள் வேஷக்காரரைப் பற்றிப் பேசுவார்கள், கிரீடத்தைப் பற்றிப் பேசுவார்கள். பின்னால் பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஆர்மோனியக்காரரைப் பற்றிப் பேச்சே வராது. எனக்கோ அவர்தான் கூத்து.

இடது கை துருத்தியை அழுத்தும்; வலது கை கட்டைகளில் ஓடும்; கண் மட்டும் திரையை விட்டு நகராது. திரைக்குப் பின்னால் வேஷம் எந்தச் சுருதியில் பாட்டெடுத்தாலும் அடுத்த நொடி அவர் அங்கே போய் நிற்பார். நடுநிசி தாண்டிக் குரல் கம்மினால் மிருதங்கத்துக்கு ஒரு தலையசைப்பு, முகவீணைக்கு ஒரு பார்வை. பின்பாட்டு எழும்பி அந்தக் குரலைத் தாங்கிக்கொள்ளும்.

மேல்நாட்டு இசை நாடகத்தில் கையில் கோலோடு நின்று வழிநடத்த ஒருவர்; எந்த வாத்தியம் எங்கே ஒலிக்க வேண்டும் என்று எழுதித்தர இன்னொருவர். இங்கே இரண்டும் இவரே. எதிரில் ஒரு காகிதம்கூடக் கிடையாது. சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) வளர்த்த இசை நாடக மேடையிலும் ஆர்மோனியத்துக்கு இதே இடம்தான். ஆர்மோனியக்காரரின் அந்த மேதைமைக்கு நாம் ஒரு பெயர்கூட வைக்கவில்லையே என்று மனசு அடித்துக்கொள்கிறது.

கூவாகத்தில் சித்திரைதோறும் திருநங்கைகள் தாலியறுத்து அழுவது பாரதக் கதையின் அரவானுக்காக. அவன் களப்பலிக் கூத்தை ஒருமுறை பார்த்தேன். விடியலில் ஒப்பாரி வந்தபோது தாளமெல்லாம் அடங்கிவிட்டது. ஆர்மோனியக்காரர் ஒற்றைச் சுரத்தை மட்டும் விடாமல் பிடித்திருந்தார்.