பகிடியும் பட்டப் பெயரும்

பயணத்துக்கு வாகனம் கேட்டு வந்த ஒருவரிடம், பெண் ஒட்டகத்தின் பிள்ளையொன்றைத் தருவதாகச் சொன்னார்கள் நபி (ஸல்) அவர்கள். பிள்ளையில் எப்படி ஏறிச் செல்வது என்று அவர் திகைத்தார். எந்த ஒட்டகம்தான் பெண் ஒட்டகத்துக்குப் பிறக்கவில்லை என்ற கருத்தில் பதில் வந்தது. அபூதாவூதிலும் திர்மிதியிலும் உள்ள ஹதீஸ் இது.

பகிடி என்றால் என்னவென்று விளக்க இதைவிடச் சிறிய உதாரணம் எனக்குத் தெரியாது. 'பிள்ளை' வயதையும் குறிக்கும், உறவையும் குறிக்கும். அறுபது வயது மகனும் உம்மாவுக்குப் பிள்ளைதானே. கேட்டவர் வயதைப் பிடித்துக்கொண்டார், சொல்லப்பட்டதோ உறவு. ஒரு சொல்லும் பொய்யில்லை. அவரும் வாகனத்தோடுதான் போயிருப்பார்.

சிரிக்க வைப்பதற்காகப் பொய் சொல்பவனைக் கண்டிக்கும் ஹதீஸை எடுத்துக்காட்டி, முல்லா கதைகளையும் சிலர் விலக்கச் சொல்கிறார்கள். நான் உடன்படமாட்டேன். முல்லா கதையை நடந்த சம்பவமென்று நம்பி யாரும் கேட்பதில்லை. ஆபத்து வேறிடத்தில் இருக்கிறது.

9ஆம் நூற்றாண்டில் பஸராவின் அல்-ஜாஹிழ், கஞ்சர்களைப் பற்றி 'கிதாபுல் புஹலா' எழுதினார். சில கதைகளில் ஆட்களின் பெயரை மறைத்தார். பெயர் போனால் சுவையில் பாதி போய்விடும் என்பதையும் அவரே ஒப்புக்கொள்கிறார். சிரிப்பைப் பற்றி இவ்வளவு நேர்மையாகப் பேசியவர்கள் குறைவு.

எங்கள் ஊரில் ஒரு கதை உண்டு. கல்யாண வீட்டில் ஒரு சஹனில் சாப்பிட்டு எழும்பியவர், அடுத்த பந்தியில் இன்னொரு சஹனிலும் போய் உட்கார்ந்தாராம். நடந்ததோ இல்லையோ, 'ரெண்டு சஹன்' அவருடைய பெயராகிவிட்டது. பெயரை நீக்கி இதே கதையை வெளியூர் நண்பர்களிடம் சொல்லிப் பார்த்தேன். ஒருவரும் சிரிக்கவில்லை. கதையில் சிரிக்க ஒன்றுமில்லை. ஊர் சிரித்தது அந்த மனிதரைப் பார்த்து. அல்-குர்ஆன் 49:11இல் பரிகாசமும் பட்டப் பெயரும் ஒரே வசனத்தில் தடுக்கப்பட்டிருப்பதன் பொருத்தம் அன்றுதான் எனக்கு விளங்கியது.

பெயரும் வேண்டும், யாரும் நோகவும் கூடாது. இந்தச் சிக்கலுக்கு மக்கள் கண்ட வழிதான் துருக்கியரின் நஸ்ருத்தீனும், அரபிகளின் ஜுஹாவும், நமது சிங்களச் சகோதரர்களின் மகதனமுத்தாவும் என்று நினைக்கிறேன். பானைக்குள் தலை மாட்டிய ஆட்டின் கழுத்தை வெட்டச் சொல்லி, பிறகு பானையையும் உடைக்கச் சொன்ன அந்த மகாமேதைக்கு எந்த ஊரிலும் வீடு வாசல் கிடையாது. எல்லா முட்டாள்தனத்தையும் அவர் தலையில் ஏற்றலாம்.

"பகிடிதானே சேர், இதுக்குப் போய்..." என்பார்கள் ஊரில். 'ரெண்டு சஹன்' மௌத்தாகிப் பல வருடங்கள். அவருடைய பேரன் எங்கள் பாடசாலையில் ஆறாம் ஆண்டில் படிக்கிறான். அவனையும் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். பகல் உணவு பரிமாறும்போது மற்றப் பிள்ளைகள் தட்டோடு மறுபடியும் வந்து நிற்பார்கள். அவன் ஒருநாளும் எழும்பி வந்ததில்லை.