வருந்தி வந்தவரும் விற்ற பொருளும்

அமெரிக்காவில் கலிபோர்னியா மாநிலத்தில் குடும்பத்துடன் வாழும் சகோதரர் ஒருவர் நமக்கு ஒரு மஸ்அலா கேட்டு எழுதியிருக்கிறார். தம் தெருவில் இரண்டு வீடுகளில் திருட்டு நடந்ததைக் கண்டு அஞ்சி, ஒரு கைத்துப்பாக்கிக்கு விலை பேசி முழுப் பணத்தையும் கட்டிவிட்டாராம். அந்த மாநிலச் சட்டப்படி பணம் கட்டினாலும் பத்து நாள் கழித்தே பொருள் கைக்கு வரும். இதற்கிடையில் அவருடைய மனைவி, சிறு பிள்ளைகள் இருக்கும் வீட்டில் அது வேண்டவே வேண்டாம் என்று கூறிவிட்டார். யோசித்துப் பார்த்ததில் அவருக்கும் அதுவே சரியெனப் பட்டது. கடையில் கேட்டால், விலையில் நூற்றுக்கு இருபது கழித்துக்கொண்டுதான் மீதியைத் தருவோம் என்கின்றனராம்.

அவர் கேட்பவை மூன்று. முழுப் பணத்தையும் கேட்கச் சட்டத்தில் உரிமை உண்டா? பேசி முடித்துவிட்டு மாறுவது உடன்படிக்கையை முறித்த குற்றமாகுமா? கடைக்காரர் கழித்துக்கொள்வது ஆகுமானதா?

நம் ஊர்களில் துப்பாக்கியைத் தொட்டுப் பார்த்தவர்களே குறைவு. 1959ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டப்படி லைசென்ஸ் பெற்ற பிறகே இங்கு அதனை வாங்க இயலும். ஆகவே இந்தக் கேள்வி நமக்கெதற்கு என்று சிலர் எண்ணலாம். ஆனால் வாங்கியவர் வருந்தினால் விற்றவர் என்ன செய்ய வேண்டும் என்பது துப்பாக்கிக்கு மட்டும் உரிய கேள்வியன்று. சேலையிலும் நகையிலும் மனையிலும் அது நாள்தோறும் எழுகிறது. துப்பாக்கியில் அதன் பாரம் அதிகம், அவ்வளவே.

முதலில் சட்டத்தைப் பார்ப்போம். வாங்கிய பொருளை மூன்று நாட்களுக்குள் திருப்பித் தர அமெரிக்காவில் எல்லோருக்கும் உரிமை உண்டு என்று பலர் நம்பிக்கொண்டிருக்கின்றனர். அது தவறு. 1972இல் அந்நாட்டு மத்திய வர்த்தகக் கமிஷன் அப்படியொரு விதியை வகுத்தது உண்மையே. எனினும் அது வீடு தேடி வந்து விற்பவர்களுக்கும், ஓட்டல் மண்டபம் போன்ற தற்காலிக இடங்களில் கடை விரிப்பவர்களுக்கும் உரியது. நாமே கடைக்குச் சென்று வாங்கிய பொருளுக்கு அது பொருந்தாது. பொருளில் பழுது இருந்தாலோ, பேசியது ஒன்று தந்தது வேறொன்று என்றாலோ மறுக்கலாம். மனம் மாறியது ஒன்றே காரணமாயின், பொதுச் சட்டம் வாங்கியவருக்குத் துணை நிற்பதில்லை.

எனினும் கலிபோர்னியாவில் ஒரு சலுகை உண்டு. முழுப் பணத்தைத் திருப்பித் தராத வழக்கமுள்ள சில்லறைக் கடைக்காரர், அதனை வாடிக்கையாளர் கண்ணில் படும்படி எழுதி வைத்திருக்க வேண்டும். அப்படி வைக்கத் தவறினால், வாங்கியவர் முப்பது நாட்களுக்குள் பொருளைத் திருப்பித் தந்து பணத்தைக் கேட்கலாம். சகோதரர் முதலில் கடைச் சுவரையும், தம்மிடமுள்ள ரசீதையும் பார்க்கட்டும். அறிவிப்பு இருந்தால் கடைக்காரர் பேச்சே செல்லும்.

இனி ஷரீஅத்தின் தீர்ப்பு. பொருளைத் திருப்பும் உரிமைக்கு நம் ஃபுகஹாக்கள் 'கியார்' என்று பெயரிட்டுள்ளனர். ஷாஃபிஈ மத்ஹபில், விற்றவரும் வாங்கியவரும் பேசிய இடத்தை விட்டுப் பிரியும்வரை இருவருக்கும் அந்த உரிமை உண்டு. ஹனஃபி மத்ஹபில் 'பிரிதல்' என்பதற்குப் பேச்சு முடிதல் என்று பொருள் கொள்வதால், ஈஜாபும் கபூலும் நிறைவேறியதும் அது போய்விடும். மூன்று நாள் அவகாசம் வேண்டுமென்று முன்கூட்டியே நிபந்தனை செய்துகொள்வது இரு மத்ஹபிலும் ஆகும். பொருளில் குறை வெளிப்பட்டாலும் திருப்பலாம். நம் சகோதரரோ கடையை விட்டு வந்துவிட்டார், நிபந்தனை ஏதும் செய்யவில்லை, துப்பாக்கியிலும் குறையில்லை. ஆகவே கியார் எதுவும் அவருக்கு மிஞ்சவில்லை.

ஸஹாபி ஹப்பான் இப்னு முன்கித் (ரலி) அவர்களின் வரலாறு இங்கு நினைவுக்கு வருகிறது. தலையில் பட்ட காயத்தால் அவர்களுக்குப் பேச்சும் கணக்கும் தடுமாறும். கடைவீதிக்குப் போய் அதிக விலைக்கு வாங்கி வருவார்கள். வீட்டார் குறை கூறுவார்கள். நாயகம் (ஸல்) அவர்கள் அவரை வியாபாரம் செய்ய வேண்டாமென்று தடுத்தும் அவரால் விட இயலவில்லை. அப்போது, ஏமாற்று கூடாது என்று சொல்லிவிட்டு வாங்கும்படியும், மூன்று நாள் உரிமை வைத்துக்கொள்ளும்படியும் கற்றுத் தந்தார்கள். வீட்டுப் பெண்கள் சொல்லைக் கேட்டுப் பொருளைத் திருப்பக் கூச்சப்படும் நம் ஆண்கள் இதனைக் கவனிக்க வேண்டும்.

உரிமை இல்லை என்பதோடு பேச்சு முடிந்துவிட்டதா? இல்லை. உரிமையெல்லாம் முடிந்த இடத்தில்தான் 'இகாலா' என்னும் பாடம் தொடங்குகிறது. வருந்தி வந்தவரிடம், சரி, உன் பணத்தை எடுத்துக்கொள், என் பொருளைக் கொடு என்று வியாபாரத்தை மனமொப்பிக் கலைப்பதே இகாலா. ஹிதாயாவில் இதற்கென ஒரு தனிப் பாடமே உண்டு. இவ்வாறு கலைத்துக் கொடுப்பவருடைய சறுக்கலை மறுமையில் அல்லாஹ் மன்னிப்பதாக அபூஹுரைரா (ரலி) அவர்கள் வாயிலாக அபூதாவூதிலும் இப்னு மாஜாவிலும் ஹதீஸ் வந்துள்ளது. கொடுப்பது சில்லறைப் பணம், பெறுவது மஹ்ஷரில் மன்னிப்பு! இதைவிட லாபமான வியாபாரத்தை எந்தக் கடைவீதியில் காண்பது?

இங்கே ஒரு கேள்வி எழலாம். உடன்படிக்கைகளை நிறைவேற்றுங்கள் என்று ஸூரா அல்மாஇதாவின் முதல் வசனத்திலேயே ஏவப்பட்டிருக்க, உடன்படிக்கையைக் கலைப்பதற்கு இத்தனை நன்மை ஏன்? நாம் விளங்கிக்கொண்டபடி, இவ்விரண்டும் வேறு வேறு ஆட்களை நோக்கிப் பேசுகின்றன. நிறைவேற்று என்பது மாற நினைப்பவனுக்குச் சொல்லப்பட்டது. விட்டுக்கொடு என்பது பிடித்து வைத்திருப்பவனுக்குச் சொல்லப்பட்டது. வாங்கியவர், 'நான் கட்டுப்பட்டவன், இவர் விட்டால் அது இவருடைய பெருந்தன்மை' என்று நினைக்க வேண்டும். விற்றவர், 'இவன் கட்டுப்பட்டவன்தான், ஆனால் நான் விடவேண்டும்' என்று நினைக்க வேண்டும். நடப்பது என்ன? ஒவ்வொருவரும் மற்றவருக்குரிய பாடத்தையே ஓதுகின்றனர். வாங்கியவர் இகாலாவின் நன்மையைச் சொல்லிக் கடைக்காரரை மிரட்டுகிறார். கடைக்காரர் உடன்படிக்கை வசனத்தைச் சொல்லிப் பெட்டியைப் பூட்டுகிறார். நம் கடைவீதிகளில், நம் சமுதாயத்தவர் கடைகளிலுங்கூட, விற்ற சரக்கு திரும்பப் பெறப்படமாட்டாது என்று பில்லில் அச்சடித்து வைத்திருப்பதைப் பார்க்கும்போது, அபூதாவூதின் ஹதீஸ் அந்தப் பில்லுக்கு எட்டவில்லையே என்று தோன்றுகிறது.

விற்றவர் பக்கத்திலும் நியாயம் இல்லாமலில்லை. இப்னு உமர் (ரலி) அவர்கள், தமக்குப் பிடித்த பொருளை வாங்கிவிட்டால் சில அடி நடந்து விலகிவிடுவார்கள். உஸ்மான் (ரலி) அவர்களோடு நில மாற்றம் செய்தபோது, அவர்கள் மாறிவிடுவார்களோ என்றஞ்சி, திரும்பிப் பின்நடையாகவே வீட்டை விட்டு வெளியேறிய செய்தி புகாரியில் உள்ளது. வியாபாரம் உறுதிப்பட வேண்டுமென்ற ஆசை ஸஹாபாக்களிடமும் இருந்தது. ஆனால் மற்றவர் கலைக்கக் கேட்பாரோ என்ற பயத்தால் பிரிந்து போவது ஆகாது என்றும் ஒரு ஹதீஸ் அபூதாவூதிலும் திர்மிதியிலும் இருக்கிறது. அது இப்னு உமர் (ரலி) அவர்களுக்கு எட்டாதிருந்திருக்கலாம் என்று உலமாக்கள் கூறுவர்.

பொருள் துப்பாக்கியாக இருக்கும்போது வருத்தத்தின் தரமே மாறிவிடுகிறது. சேலையின் நிறம் பிடிக்கவில்லை என்று வருந்துவது ஒன்று. உயிரெடுக்கும் கருவியை வீட்டுக்குள் கொண்டுவர வேண்டாமென்று வருந்துவது வேறொன்று. கலிபோர்னியாவில் ஏதேனும் ஒரு வகையில் காத்திருப்புச் சட்டம் 1923 முதலே இருந்து வருகிறது. வாங்குபவரின் பின்னணியை விசாரிப்பது அதன் ஒரு நோக்கம். கோபத்திலோ துக்கத்திலோ வாங்க வந்தவருக்கு மனம் ஆற அவகாசம் தருவது மற்றொன்று. அமெரிக்காவில் துப்பாக்கியால் நேரும் மரணங்களில் பாதிக்கு மேற்பட்டவை தற்கொலைகளே. 1991இல் கலிபோர்னியாவில் கைத்துப்பாக்கி வாங்கியவர்களைப் பற்றி 1999இல் வெளியான ஓர் ஆய்வு, வாங்கிய முதல் வாரத்தில் அவர்களிடையே துப்பாக்கித் தற்கொலையின் விகிதம் பொதுமக்களிடையே உள்ளதைப் போல் 57 மடங்கு இருந்ததாகக் கண்டது. காத்திருப்புச் சட்டமுள்ள இடங்களில் துப்பாக்கிக் கொலைகள் சுமார் 17 சதவீதம் குறைவதாக 2017இல் வேறோர் ஆய்வு கூறியது. வாங்குபவர் எல்லோரும் அப்படிப்பட்டவர் என்பதன்று. பெரும்பாலோர் நம் சகோதரரைப் போல அச்சத்தால் வாங்குபவர்களே. ஆனால் கவுண்டரில் நிற்பவர் யார் என்று கடைக்காரருக்குத் தெரியாதல்லவா?

ஸூரா அன்னிஸாவின் 29ஆம் வசனத்தைப் பாருங்கள். ஒருவர் பொருளை ஒருவர் தவறான வழியில் உண்ணக் கூடாது, இருவர் மனமும் ஒப்பிய வியாபாரமே ஆகும் என்று கூறிய அதே வசனம், உங்களை நீங்களே கொன்றுகொள்ளாதீர்கள் என்றும் தடுக்கிறது. வியாபாரத்தில் மனம் ஒப்புதலும் உயிரைக் காத்தலும் ஒரே வசனத்தில் அடுத்தடுத்து வந்திருக்கின்றன. நம் கேள்வியில் இரண்டும் ஒரே கடையில் சந்திக்கின்றன. பத்து நாளில் ஆற வேண்டிய மனம் ஆறிவிட்டது. ஆறிய மனத்தோடு திரும்பி வருபவரிடம், 'ஆறியதற்கு நூற்றுக்கு இருபது கட்டு' என்றால் என்ன ஆகும்? பணம் போகிறதே என்று, வேண்டாத துப்பாக்கியை வாங்கிக்கொண்டு போய் அலமாரியில் வைப்பவர்களும் இருப்பார்கள். சட்டம் திறந்து வைத்த வாசலில் சுங்கம் வசூலிப்பதாகவே இதனை நாம் காண்கிறோம்.

கழிவு விஷயத்தில் ஃபிக்ஹு தெளிவாகவே இருக்கிறது. ஷாஃபிஈ மத்ஹபில் இகாலா என்பது வியாபாரத்தை ரத்துச் செய்வது. ஆகவே முதலில் கொடுத்த விலைக்கே அது ஆகும். கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது. இமாம் அபூஹனீஃபா (ரஹ்) அவர்களிடத்திலும், குறைத்துத் தருவதாக நிபந்தனை செய்தால் நிபந்தனை வீணாகி, முதல் விலையே திரும்ப வேண்டும். வாங்காவிட்டால் முன்பணம் போகட்டும் என்னும் 'அர்பூன்' முறையை ஹன்பலி மத்ஹபு அனுமதிக்கிறது, மற்ற மூன்றும் மறுக்கின்றன. 1993இல் புருணையில் கூடிய சர்வதேச ஃபிக்ஹு அகாடமி, காலவரம்பு குறித்திருந்தால் அதனை ஆகுமென்றது. ஆனால் அது விற்பனையின்போதே பேசிக்கொள்ளும் முன்பணத்தைப் பற்றியது. பேசாமல் விற்றுவிட்டு, வருந்தி வந்தபின் கழிப்பதற்கு அது ஆதாரமாகாது. வாங்குபவருக்காக அரசாங்கத்துக்குக் கட்டிய விசாரணைக் கட்டணம் வேறு. அது விலையில் சேர்ந்ததன்று, அவர் பொருட்டுச் செலவானது. அதனை அவரே ஏற்பதுதான் நேர்மை.

விற்றவர் முஸ்லிமல்லாதவராயின், அவர் தம் நாட்டுச் சட்டப்படி நடக்கிறார். சகோதரர் பணிவுடன் முழுப் பணத்தையும் கேட்கட்டும். மறுத்தால், கழிவை ஏற்று வெளியேறுவதில் அவர் மீது குற்றமில்லை. போவது அவருடைய சொந்தப் பணம், காப்பது அவருடைய பிள்ளைகளை. கேட்பதால் உடன்படிக்கையை முறித்தவராகவும் ஆகமாட்டார். கேட்பது வேறு, முறிப்பது வேறு. எதுவானாலும் பத்தாம் நாளுக்கு முன் எழுத்தில் கொடுத்து நகல் வாங்கிக்கொள்வது நல்லது. பொருள் கைமாறிவிட்டால் கடைக்காரர் அதனை மீண்டும் பதிவேட்டில் வரவு வைத்துப் பழைய துப்பாக்கியாகவே விற்க வேண்டியிருக்கும். அப்போது அவருக்கும் நஷ்டம் உண்டு.

பணத்தை மீட்கச் சிலர் சொல்லும் இரண்டு குறுக்கு வழிகளைப் பற்றியும் எச்சரிக்க வேண்டும். கிரெடிட் கார்டு பாங்கிக்கு எழுதி, கடைக்காரர் பொருளைத் தரவில்லை என்று கூறிப் பணத்தைத் திரும்பப் பெறுவது ஒன்று. தரத் தயாராயிருக்கும் பொருளைத் தரவில்லை என்பது பொய். அதனால் வரும் பணம் ஹராம். மற்றொன்று, வேண்டுமென்று சொல்லும் நண்பரிடம் பணத்தை வாங்கிக்கொண்டு, தம் பெயரிலேயே துப்பாக்கியை எடுத்து அவரிடம் சேர்ப்பது. அந்நாட்டில் 4473 எண் படிவத்தில், உண்மையில் வாங்குபவர் நீர்தானா என்று கேட்கப்படுகிறது. பிறருக்காக எடுப்பவர் ஆம் என்று கையெழுத்திட்டால் அது குற்றம். இருவரும் துப்பாக்கி வைத்திருக்கத் தகுதியுள்ளவர்களாயினும் குற்றமே என்று 2014இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. துப்பாக்கி வைத்திருக்கத் தடையுள்ளவர் என்று அறிந்தே பிறருக்காக வாங்குவோருக்கு 2022ஆம் ஆண்டின் சட்டப்படி பதினைந்து ஆண்டுவரை சிறை விதிக்க இடமுண்டு. யார் கையில் போகிறது என்று தெரிந்தே ஆயுதம் விற்க வேண்டும் என்பதில் நம் ஃபுகஹாக்களும் கண்டிப்பானவர்கள். குழப்பக் காலத்தில் ஆயுத விற்பனையைப் பற்றி இமாம் புகாரி (ரஹ்) அவர்கள் தனித் தலைப்பே இட்டிருக்கிறார்கள். பாவத்துக்குப் பயன்படுத்துவான் என்று அறிந்தவனிடம் ஆயுதம் விற்பது ஹராம் என்பது ஷாஃபிஈ மத்ஹபின் தீர்ப்பு.

இதனோடு சேர்ந்த இன்னொரு மஸ்அலா. வாங்குபவர் மனம் மாறவில்லை, ஆனால் விசாரணையில் அவர் தகுதியற்றவர் என்று அரசாங்கம் மறுத்துவிட்டது. அப்போதும் சில கடைகளில் கழிவு பிடிக்கின்றனர். இது இகாலாவே அன்று. பொருளை ஒப்படைக்க இயலுமாயிருப்பது வியாபாரத்தின் நிபந்தனைகளில் ஒன்று. சட்டம் தடுத்துவிட்டதால் கடைக்காரரால் ஒப்படைக்க முடியாது. ஒப்படைக்க முடியாத பொருளின் விலையில் ஒரு காசும் அவருக்குச் சொந்தமாகாது என்பதே நம் கருத்து. தமக்குத் தடை இருப்பதை முன்பே அறிந்திருந்தும் வாங்குபவர் மறைத்திருந்தால், அவர் ஏமாற்றியவர். அதனால் கடைக்காரருக்கு உண்மையில் நேர்ந்த செலவை அவரே கொடுக்கக் கடமைப்பட்டவர்.

வல்லாஹு அஃலம்.