பூட்டப்படாத கதவு

"சாமி, இணையத்தில் சில கோப்புக் கிடங்குகள் கடவுச்சொல் இல்லாமலே திறந்து கிடக்கின்றன. நான் எந்தப் பூட்டையும் உடைக்கவில்லை. அங்குள்ள திரைப்படத்தை இறக்கிக்கொள்வது களவாகுமா?" பங்கு இளைஞர் ஒருவர் இவ்வாறு கேட்டார். எளிதில் ஒதுக்கிவிடக்கூடிய வினா அன்று இது.

1971ஆம் ஆண்டு, அபய் பூஷண் என்னும் இந்தியர் கணினிகளுக்கிடையே கோப்புகளை அனுப்பும் நெறிமுறையை முதன்முதலில் வகுத்தார். பின்னர், பெயர் கூறாமலே எவரும் நுழைந்து எடுத்துக்கொள்ளும் கிடங்குகளை அறிஞர்கள் மனமுவந்து திறந்துவைத்தனர். ஆகவே, திறந்த கதவு சில வேளைகளில் அழைப்பே. ஆனால் கவனக்குறைவால் திறந்து கிடக்கும் கதவு அழைப்பாகுமா?

உடைமையாளரின் நியாயமான விருப்பத்திற்கு மாறாக அவர் உடைமையைக் கவர்வதே களவு என்கிறது திருச்சபையின் மறைக்கல்வி நூல் (எண் 2408). அவ்வரையறையில் பூட்டைப் பற்றிய பேச்சே இல்லை என்பதைக் கவனியுங்கள். இசைவு உண்டெனக் கருத இடமிருந்தால் அது களவன்று என்றும் அது கூறுகிறது. அறிஞரின் கிடங்கில் அவ்விசைவு உண்டு, திரைப்படத்தில் இல்லை. கிடங்கை வைத்திருப்பவருக்கே அதை வழங்கும் உரிமை பெரும்பாலும் கிடையாது. "படம் அவரிடமே இருக்கிறதே" என்பர். படம் இருக்கிறது, உழைப்புக்குரிய பயன் போய்விடுகிறது.

இடர்களும் உண்டு. விண்டோஸ் கணினி இயல்பாகவே கோப்புப் பெயரின் கடைசிப் பகுதியை மறைத்துக் காட்டுவதால், தீய நிரல் ஒன்று திரைப்படத்தின் பெயரில் வீட்டினுள் நுழையக்கூடும். வந்து சென்றவரின் இணைய முகவரியும் அங்கே பதிவாகக்கூடும். எனினும் அச்சத்தால் மட்டும் விலகுவது அறமாகாது. பிடிபடாத வழி தெரிந்தவுடன் அவ்விலகல் முடிந்துவிடும்.

புனித அகுஸ்தினார் தம் பதினாறாம் வயதில் நண்பரோடு பேரிக்காய் திருடினார். பசியால் அன்று, பெரும்பகுதியைப் பன்றிகளுக்கு எறிந்தனர். தனியாக இருந்திருந்தால் அதைச் செய்திருக்கமாட்டேன் எனப் பிற்காலத்தில் வருந்தினார். "எல்லாரும் செய்கிறார்களே" என்னும் நம் சொல்லுக்கு இதைவிடத் தெளிவான மறுமொழி வேண்டுமோ?

வழிதவறிய மாட்டைக் கண்டால் காணாததுபோல் போகாமல், உரியவரிடம் சேர்க்குமாறு பணிக்கிறது இணைச்சட்ட நூல் (22:1-3). அயலாரின் திறந்த கிடங்கும் அத்தகையதே. "உங்கள் கதவு திறந்திருக்கிறது" என்று உரியவருக்கு அறிவிப்பதே நம் கடமை என்றேன்.

இளைஞர் சற்று நேரம் பேசவில்லை. பின், "இறக்கியவற்றை என்ன செய்வது, சாமி?" என்றார். மனச்சான்று அங்கே விழித்துக்கொண்டதாகவே எனக்குத் தோன்றியது.