அறுந்த கண்ணி

உத்தமபாளையத்தில் நமக்கு நெடுநாள் பழக்கமுள்ள ராவுத்தர் குடும்பம் ஒன்று உண்டு. அவ்வீட்டுப் பெரியவர், தம் பேத்தியின் நிக்காஹை ஒட்டிக் குடும்ப வரலாற்றைச் சிறுநூலாக வெளியிட விரும்பி, கையிலிருந்த காகிதங்களையெல்லாம் நம்மிடம் ஒப்படைத்தார். அவற்றுள் மிகப் பழையது ஒரு கிரயப் பத்திரம். 1895ஆம் ஆண்டில் பெரியாற்று நீர் மலையைக் குடைந்து இப்பள்ளத்தாக்கில் இறங்கியபின், நஞ்சை பெருகிவந்த நாளில் எழுதப்பட்டது. பெரியவருடைய பாட்டனாரின் அத்தா பெயர் அதில் காணப்படுகிறது. அதற்கு மேலே எழுத்தில் ஒன்றுமில்லை. ஆயினும், அரபு நாட்டிலிருந்து குதிரையோடு வந்த ஒரு பெருமகனாரின் வழித்தோன்றல்கள் தாங்கள் என்று அக்குடும்பத்தில் வழிவழியாக ஒரு பேச்சு உண்டு. பத்திரத்துக்கும் அப்பெருமகனாருக்கும் இடையே ஐந்நூறு ஆண்டுகள் வெறுமையாய்க் கிடக்கின்றன.

“பதினைந்து இருபது பெயர்கள்தானே வேண்டும், ஹஜ்ரத்! நீங்கள் கிதாபு பார்த்தவர்கள், பொருத்தமாகப் போட்டுவிடுங்கள். இதனால் யாருக்கு என்ன நஷ்டம்?” என்றார் பெரியவர்.

தட்டிக்கழிக்கக் கூடிய கேள்வியன்று இது. ‘நீங்கள் எங்கிருந்து வந்தவர்கள்?’ என்று பிறர் கேட்கும்போது பிள்ளைகள் தலைநிமிர்ந்து சொல்ல ஒரு விடை வேண்டுமென்பது அவர் ஏக்கம். அவ்வேக்கத்தை நாம் இகழமாட்டோம். நாமும் இளமையில், ஊர்ப் பெரியார் ஒருவரின் நினைவு மலருக்கு எழுதியபோது, விட்டுப்போன இரண்டு தலைமுறைகளை அழகிய அரபுப் பெயர்களால் இட்டு நிரப்பியதுண்டு. பல்லாண்டுகளுக்குப் பின் வேறொருவர் அப்பெயர்களையே தம் கட்டுரையில் சான்றாக எடுத்துக்காட்டினார். அதைப் படித்தபோது உண்டான கூச்சம் இன்றுவரை தீரவில்லை.

காலத்தில் விழுந்த இத்தகைய பிளவுகளைத் தேடிச் சென்று, அளந்து, குறித்து வைப்பதையே வாழ்நாட் பணியாகக் கொண்டவர்கள் நம் முன்னோருள் இருந்தனர். முஹத்திஸீன்கள் என்று அவர்களைப் போற்றுகிறோம். அவர்களுள் ஹிஜ்ரி 160இல் மறைந்த இமாம் ஷுஅபா (ரஹ்) அவர்களின் பயணம் ஒன்றை மத்ரஸாவில் ஓதிய நாள்முதல் நாம் மறந்ததில்லை.

வுளூவின் சிறப்பைக் கூறும் ஒரு ஹதீஸைக் கூஃபாவில் அபூ இஸ்ஹாக் அறிவித்தார். தமக்கு அதைச் சொன்னவர் அப்துல்லாஹ் இப்னு அதா என்றும், அவருக்குச் சொன்னவர் உக்பா இப்னு ஆமிர் (ரலி) என்றும் தொடரைக் கூறினார். “அப்துல்லாஹ் நேரே உக்பாவிடம் கேட்டாரா?” என்று ஷுஅபா வினவினார். அபூ இஸ்ஹாக் சினந்தார். அப்துல்லாஹ் மக்காவில் உயிரோடிருக்கிறார் என்று உடனிருந்த ஒருவர் சொல்ல, ஷுஅபா மக்காவுக்குப் புறப்பட்டார். அங்கே அப்துல்லாஹ், தமக்கு அதைச் சொன்னவர் ஸஅது இப்னு இப்ராஹீம் என்றார். அவர் இருந்தது மதீனாவில். மதீனா சென்றால், ஸஅது, “அது உங்கள் பக்கத்திலிருந்து வந்ததுதான். பஸராவின் ஸியாது இப்னு மிக்ராக் சொன்னார்” என்றார். பஸராவில் ஸியாது தயங்கித் தயங்கி, ஷஹ்ரு இப்னு ஹவ்ஷபின் பெயரை உரைத்தார். அவரையோ ஷுஅபா நம்பத்தக்கவராகக் கொள்ளவில்லை. ஒரே கண்ணிபோல் தோன்றிய இடத்தில் இத்தனை பேர் மறைந்திருந்தார்கள்! அந்த ஹதீஸ் சரியாய் அமைந்திருந்தால் தம் குடும்பத்தையும் பொருளையும்விட அது தமக்கு உவப்பாய் இருந்திருக்கும் என்று அவர் வருந்தினாராம்.

இதே கருத்துடைய ஹதீஸ், உக்பா (ரலி) அவர்களிடமிருந்தே வேறு உறுதியான தொடர்வழி ஸஹீஹ் முஸ்லிமில் இடம்பெற்றிருக்கிறது. செய்தி நல்லது, பயனுள்ளது. இருந்தும், தாம் கண்ட முறிவை மூடிவிட அவர் மனம் ஒப்பவில்லை. நம் பெரியவரின் ‘யாருக்கு என்ன நஷ்டம்?’ என்னும் கேள்விக்கு இப்பயணத்தைக் காட்டிலும் தக்க மறுமொழி நாம் அறியோம்.

கல்லெழுத்தைப் படிப்போரிடமும் இவ்வொழுக்கத்தைக் காண்கிறோம். நம் தேனி மாவட்டத்தில், வைகைக் கரையிலுள்ள புலிமான்கோம்பையில், 2006ஆம் ஆண்டு தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தமிழ் பிராமி எழுத்துள்ள நடுகற்களைக் கண்டெடுத்தனர். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கும் மேற்பட்டவை அவை. ஒரு கல், கூடலூரில் நடந்த ஆகோளில், அதாவது ஆநிரை கவர்ந்த பூசலில், மாண்ட அந்தவன் என்பானுடையது. படித்ததும் நம் மனம் கம்பத்துக்கு அப்பாலுள்ள கூடலூருக்கு ஓடுகிறது. ஆனால் தமிழகத்தில் கூடலூர்கள் பல. பெயர் ஒன்றென்பதால் ஊரும் ஒன்றாகிவிடாது. இன்னொரு கல் உடைந்தது. வீரன் பெயரின் கடைசி எழுத்துகளே அதில் எஞ்சியுள்ளன. அறிஞர்கள் அதனை அச்சிடும்போது, போன எழுத்துகளுக்குப் புள்ளிகளை மட்டும் இட்டிருக்கிறார்கள். தமிழில் பெயர்களுக்குப் பஞ்சமா? ஒன்றைச் செருகியிருந்தால் யார் அறிவார்!

இத்துறையின் பேரறிஞர் ஐராவதம் மகாதேவன் (1930–2018), 1960களில் குகைதோறும் சென்று இவ்வெழுத்துகளைப் படித்தார். 1990களில் அதே மலைகளில் மீண்டும் ஏறி, தம் பழைய வாசிப்புகளைத் தாமே திருத்தி, 2003இல் பெருநூலாக வெளியிட்டார். முப்பதாண்டுக்குப் பிறகு தம் பிழையைத் தேடி மலையேறிய அவரும், ஷுஅபா (ரஹ்) நடந்த அதே வழியில் நடந்தவர் என்றே நமக்குத் தோன்றுகிறது.

பெரியவரிடம் இவற்றையெல்லாம் சொன்னோம். தன் தந்தையல்லாதவரை அறிந்தே தந்தையென உரிமை கொண்டாடுவோனைப் பற்றி நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் விடுத்த கடும் எச்சரிக்கையையும் நினைவூட்டினோம். “அவ்வைந்நூறு ஆண்டுகளில் உங்கள் முன்னோர் மெய்யாகவே வாழ்ந்தார்கள், பாவா. ஏர் உழுதிருக்கலாம், தறி நெய்திருக்கலாம், இம்மண்ணிலேயே பிறந்து கலிமா மொழிந்தவர்களாகவும் இருக்கலாம். அவர்கள் பெயரைக் காலம் ஒருமுறை அழித்துவிட்டது. அவர்கள் இருந்த இடத்தில் நாம் அன்னியரைக் கொண்டுவந்து குடியேற்றினால், இரண்டாம் முறை அழிப்பவர்கள் நாமல்லவா?” என்றோம். அவர் நெடுநேரம் பேசவில்லை. “நீங்கள் சொல்வது சரி, ஹஜ்ரத். ஆனால் கலியாணத்துக்கு வருகிறவர்களிடம் புள்ளியை எப்படிக் காட்டுவது?” என்றார்.

நூல் அச்சாகி நமக்கும் ஒரு பிரதி வந்தது. வேறொருவர் எழுதியது. பதினெட்டுப் பெயர்கள், ஒன்றிலும் தடையில்லை. நாம் எழுதிக் கொடுத்த தாளை மணப்பெண்ணின் தம்பி மட்டும் கேட்டு வாங்கிச் சென்றான். பத்திரப் பதிவு அலுவலகத்தில் பழைய ஆவணங்களைப் பார்க்க எப்படி விண்ணப்பிப்பது என்று இப்போது விசாரித்துக்கொண்டிருக்கிறான்.